பெயர், தகப்பன் பெயர், தோட்டம், டிவிஷன்

நீலகிரியில் கூடலூர், பந்தலூர்ப் பக்கம், இலங்கைத் தோட்டங்களிலிருந்து திரும்பி வந்த, எழுபதைத் தாண்டிய சிலோன்காரர் யாரிடமாவது போய் "உங்க கதையச் சொல்லுங்க" என்று கேட்டுப் பாருங்கள். எல்லோரும் ஒரே வரிசையில்தான் சொல்வார்கள். பெயர், தகப்பன் பெயர், இலங்கையில் இருந்த தோட்டம், தோட்டத்துக்குள் எந்தப் பிரிவு என்கிற டிவிஷன், பாஸ்போர்ட் வந்த வருஷம், கப்பல் ஏறிய மாதம், கரை இறங்கியதும் தங்கவைத்த மண்டபம் கேம்ப், இங்கே வேலைக்குப் போட்ட இடம். ஐந்து நிமிஷத்தில் ஒரு ஆயுள் முடிந்துவிடும். முடித்த கையோடு ட்ரங்குப் பெட்டியைத் திறந்து, பிளாஸ்டிக் கவரில் சுற்றிய பேப்பர்களை எடுத்து நீட்டுவார்கள், நான் என்னவோ சரிபார்க்க வந்த ஆள் மாதிரி.

நானும் அந்தக் கப்பலில் வந்தவர்களின் பேத்திதான். ஒலிப்பதிவு, வீடியோ, பழைய ஆவணம், தரையில் வரைகிற கோடு எல்லாவற்றையும் கலந்து வேலை செய்கிறேன். நகரத்தில் இதற்கு மல்டிமீடியா ஆர்ட்டிஸ்ட் என்று பெயர். தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லைன் வீடுகளில் என் பெயர் 'போட்டோ புள்ள'. அடையாளம், நினைவு, எந்த மண்ணுக்கு நாம் சொந்தம் என்றெல்லாம் பெரிய பெரிய கேள்விகளோடு கிளம்பியவளுக்கு முதலில் முட்டிய சுவர் இந்த மனுக் குரல். இவர்களிடம் வாழ்க்கையைப் பற்றி யாராவது உட்கார்ந்து கேட்டிருந்தால், அவர் மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த அதிகாரியாகத்தான் இருப்பார். அவருக்குச் சொல்லிச் சொல்லியே நினைவும் படிவத்தின் கட்டங்களுக்குள் அடங்கிப் போயிருக்கிறது. அந்தக் குரலைத் தாண்டி உள்ளே போக எனக்குக் கைகொடுத்த வழிகளைத்தான் எழுதுகிறேன். வீட்டுப் பெரியவர்களின் கதையைப் பதிவு செய்ய நினைக்கிற யாருக்கும், இலங்கை மலைநாட்டுத் தமிழரான மலையகத்தார்தான் என்றில்லை, இதில் ஏதாவது உதவலாம்.

பின்னணி தெரியாதவர்களுக்குக் கொஞ்சம். காப்பித் தோட்டம் போடவும் பிறகு தேயிலை போடவும் திருச்சி, புதுக்கோட்டை, சேலம், மதுரை, இராமநாதபுரம் பக்கத்திலிருந்து பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியிலிருந்து ஆட்கள் இலங்கை மலைநாட்டுக்குப் போனார்கள். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தோட்டத்துக்கான எண் பொறித்த தகர வில்லையைக் கழுத்தில் மாட்டி அனுப்பிய காலமும் உண்டு. 1948இல் இலங்கைக்குச் சுதந்திரம் வந்தது. அதே வருஷம் வந்த குடியுரிமைச் சட்டம் இவர்களில் பெரும்பாலானவர்களை நாடற்றவர்களாக்கியது. 1964 அக்டோபரில் சிறிமாவோ – சாஸ்திரி ஒப்பந்தம். 9,75,000 பேரில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மிச்சம் 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பேசிக்கொள்வோம் என்றார்கள். 1974இல் அந்த மிச்சத்தையும் ஆளுக்குப் பாதியாக எடுத்துக்கொண்டார்கள். பாகப்பிரிவினையில் ஆடு மாடு பிரிப்பதைப் போல இரண்டு நாடுகள் உட்கார்ந்து எண்ணிய எண்ணிக்கை இது. எண்ணப்பட்டவர்களை யாரும் கேட்கவில்லை.

வந்தவர்களுக்கு நீலகிரியில் வேலை கொடுப்பதற்காக 1968இல் அரசு தொடங்கிய தேயிலைத் திட்டம் 1976இல் டேன்டீ என்கிற தமிழ்நாடு தேயிலைத் தோட்டக் கழகமானது. இன்னும் சிலர் கன்னியாகுமரி ரப்பர் தோட்டங்களுக்கும், கேரளத்தில் புனலூருக்கும், கர்நாடகத்தில் சுள்ளியாவுக்கும், நிக்கோபாரில் கட்சல் தீவுக்கும் போனார்கள். 1984இல் போர் காரணமாகத் தலைமன்னார் – இராமேஸ்வரம் கப்பல் நின்றது. வரவேண்டியவர்களில் ஒரு பகுதி அங்கேயே நின்றுபோனார்கள். இந்த வரலாற்றின் ஒவ்வொரு படியிலும் ஒரு பேப்பர் இருக்கிறது. அந்தப் பேப்பரின் வரிசைதான் பெரியவர்களின் வாயிலும் வருகிறது.

ஆக, முதல் வேலை கேள்வியை மாற்றுவது. 'எப்போது வந்தீர்கள்' என்ற கேள்வியை நான் விட்டுவிட்டேன். அது கவுண்டரில் கேட்கிற கேள்வி. அதற்குப் பதிலாக, "கோச்சியில எந்தெந்த ஸ்டேஷன் தாண்டி வந்தீங்க?" என்று கேட்பேன். மலையகத்தில் ரயிலுக்குக் கோச்சி என்றுதான் பெயர். மலையிலிருந்து தலைமன்னாருக்கு ஆள் ஏற்றிப் போன ரயிலுக்கு 'ஒப்பாரிக் கோச்சி' என்றே பெயர் வைத்திருந்தார்கள். வழியனுப்ப வந்தவர்கள் பிளாட்பாரத்திலும், போகிறவர்கள் பெட்டிக்குள்ளுமாக அழுத அழுகை அப்படி.

ஒரு பாட்டி, பந்தலூருக்கு அந்தப் பக்கம் இருக்கிறவர், ஸ்டேஷன்களை ஒவ்வொன்றாகச் சொல்ல ஆரம்பித்தார். ஹட்டன், ரொசல்லை, வட்டவளை, நாவலப்பிட்டி, கம்பளை. ஒரு தாளத்தோடு, விரல் விட்டு எண்ணிக்கொண்டே. பொல்காவலை வந்ததும் நின்றார். அங்கேதான் பாதை பிரிந்து வடக்கே திரும்பும். அதற்கப்புறம் குருநாகல், மாகோ, அனுராதபுரம், மதவாச்சி, தலைமன்னார் என்று போகவேண்டும். அவர் போகவில்லை.

"பொல்காவலையில எங்கண்ணன் தண்ணி பிடிக்க எறங்குனிச்சு பாப்பா. சொம்ப எடுத்துக்கிட்டுதான் எறங்குனிச்சு. ஏறல."

வண்டியைத் தவறவிட்டுவிட்டாரோ என்று கேட்டேன். இல்லையாம். அவருக்கு வர மனசில்லை, அப்பாவிடம் சொல்லத் தைரியமில்லை, அதனால் தண்ணீர் பிடிக்க இறங்கினார். பிறகு பல வருஷம் கழித்துக் கடிதம் வந்ததாம். இதே பாட்டி அதற்கு முந்தைய சந்திப்பில் எனக்கு மனு வரிசையில் தன் கதையைச் சொல்லியிருந்தார். அதில் அண்ணனே கிடையாது. அதிகாரிகள் முன்னால் அண்ணனைப் பற்றிப் பேசினால் விசாரணை நீளும் என்று அப்பா சொல்லிவைத்திருக்கிறார். அப்படிச் சொல்லாமல் சொல்லாமல் அண்ணன் கதையிலிருந்தே விழுந்துவிட்டார். ரயில் நிலையங்களின் வரிசை அவரைத் திரும்பக் கொண்டுவந்தது.

அதிலிருந்து எனக்கு ஒரு பழக்கம். எந்த ஊர்க் கதையானாலும், வாய் தானாக ஓடக்கூடிய ஒரு வரிசையைக் கண்டுபிடித்து அதைச் சொல்லச் சொல்கிறேன். பஸ் நிறுத்தங்கள், பள்ளிக்கூடப் பதிவேட்டுப் பெயர்கள், வீட்டு வாசல்கள், சந்தைக் கடைகள். சொல்லிக்கொண்டே வருகிறவர் எங்கே நிற்கிறாரோ அங்கே கதை இருக்கிறது. அப்போது நாம் குறுக்கே பேசிவிடக் கூடாது. அந்த இடைவெளியைத் தாங்க முடியாமல் "அப்புறம்?" என்று கேட்டுவிடுகிற பழக்கத்தை விடத்தான் எனக்கு அதிக நாள் ஆனது.

வருஷம் தெரியவேண்டும் என்றால் வருஷத்தைக் கேட்காமல் இருப்பதே நல்லது. பாஸ்போர்ட்டில் உள்ளது ஒன்றாகவும் மனசில் உள்ளது ஒன்றாகவும் இருக்கும். இரண்டையும் ஒட்டவைக்கப் பார்த்து அவர்கள் குழம்புவார்கள். நான் ஊருக்கே தெரிந்த சம்பவங்களை நட்டுவைத்து அளக்கிறேன். தனுஷ்கோடியைப் புயல் அடித்ததற்கு (1964 டிசம்பர்) முன்னாலா பின்னாலா? தோட்டங்களை அரசாங்கம் எடுத்துக்கொண்டபோது (1972, 1975) அங்கே இருந்தீர்களா? 1973, 74இல் அரிசியும் மாவும் கிடைக்காமல் தோட்டங்களில் ஜனம் பட்டினி கிடந்த காலத்தில் உங்கள் வீட்டில் யார் யார் இருந்தார்கள்? தமிழர்களைத் தாக்கிய 77 கலவரத்துக்கு முன்பா? 83 ஜூலைக் கலவரத்துக்கு? இதில் பஞ்சத்தைப் பற்றிய கேள்வி மட்டும் எப்போதும் கதவைத் திறந்துவிடுகிறது. அந்த வருஷங்களில் என்ன சாப்பிட்டோம் என்று யாரும் மறக்கவில்லை. மரவள்ளிக் கிழங்கின் தோலைக்கூட விடவில்லை என்று சொல்லும்போது எந்தப் பெரியவரும் மனுக் குரலில் பேசி நான் கேட்டதில்லை. எந்தப் படிவத்திலும் அதற்கு ஒரு கட்டம் இருந்ததில்லை அல்லவா.

பிறகு கை. இது நான் எதிர்பாராமல் கிடைத்தது. கேமராவைப் பார்த்ததும் எல்லோரும் முந்தானையைச் சரிசெய்துகொண்டு பாஸ்போர்ட் படத்துக்கு உட்காருவது போல விறைப்பாக உட்கார்ந்துவிடுகிறார்கள். நான் லென்ஸை முகத்திலிருந்து இறக்கி மடிக்குக் கொண்டுபோனேன். "கொழுந்து எப்படி எடுப்பீங்க, காட்டுங்க." வெறும் காற்றில் இரண்டு கையும் கிளம்பின. இரண்டு இலையும் ஒரு மொட்டுமாகக் கிள்ளி, உள்ளங்கையில் ஒதுக்கி, கை நிறைந்ததும் தோளுக்கு மேலே பின்னால் கூடைக்கு வீசுகிற வேகம். அந்த அம்மா தோட்டத்திலிருந்து ஓய்வு பெற்று வெகுகாலம் ஆகிறது. இப்போது நீலகிரியில் பல இடங்களில் கத்தரி வைத்துத்தான் வெட்டுகிறார்கள். கத்தரியைப் பற்றிக் கேட்டதும், "அது வெட்டுறதுக்கு, எடுக்குறதுக்கா?" என்றார். அதுவரை ஒற்றை வார்த்தையில் பதில் சொன்னவர் பிறகு கணக்கப்பிள்ளை எடை குறைத்தது, கிலோ சேரவில்லை என்று அரைப் பேர், அதாவது பாதி நாள் சம்பளம், போட்டது, மழையில் இடுப்பில் கட்டின படங்குச் சாக்கு நனைந்து காலெல்லாம் புண்ணானது எல்லாவற்றையும் கை ஓட ஓடச் சொன்னார். முகமே இல்லாத அந்த வீடியோவைத்தான் நான் இதுவரை செய்தவற்றில் உருப்படியானது என்று நினைக்கிறேன்.

சுண்ணாம்புக் கோட்டுக்கு வருகிறேன். யாழ்ப்பாணத்து ஓவியர் தா. சனாதனன், போரில் வீடிழந்தவர்களிடம் தங்கள் வீட்டின் வரைபடத்தை நினைவிலிருந்து வரையச் சொல்லி வாங்கி, அவற்றை 2011இல் ஒரு கலைநூலாக ஆக்கினார். அதைப் பார்த்த நாளிலிருந்து எங்கள் ஆட்களிடமும் கேட்கவேண்டும் என்று இருந்தது. ஆனால் எங்கள் பாட்டிமாரிடம் பென்சிலும் தாளும் கொடுத்தால் கையெழுத்துப் போட எந்த இடம் என்று கேட்கிறார்கள். தாளே அவர்களுக்கு அலுவலகம்தான். அதனால் தாளை விட்டுத் தரைக்குப் போனேன்.

கொழுந்து நிறுக்கிற கொட்டகையின் சிமெண்டுத் தரை. வேலை இல்லாத ஞாயிற்றுக்கிழமை. இலங்கையில் லயத்துக் காம்பரா, அதாவது லைன் வீட்டு அறை, வழக்கமாகப் பத்தடிக்குப் பன்னிரண்டடி. அந்த அளவை டேப் வைத்து அளந்து, கோலப்பொடியால் ஒரு நீள்சதுரம் மட்டும் போட்டேன். வாசலையோ அடுப்பையோ போடவில்லை. "இது உங்க காம்பரான்னு வச்சுக்குங்க. எது எங்க இருந்துச்சு?" அவ்வளவுதான் என் பங்கு.

முதலில் யாரும் வரவில்லை. சின்னப் பிள்ளைகள்தான் உள்ளே குதித்தார்கள். ஒரு அம்மா பேரனை இழுக்க வந்தவர் கோட்டருகே நின்று, "வாசல் இந்தப் பக்கம்ல வரணும்" என்றார். பொடியை அவர் கையில் கொடுத்துவிட்டேன். வாசலைத் திறந்துவிட்டார். அதற்கு முன்னால் இஸ்தோப்பு என்கிற திண்ணை வந்தது. இஸ்தோப்பில் ஒரு அடுப்பா, உள்ளே ஒரு அடுப்பா என்று இரண்டு பேருக்குள் சண்டை. இரண்டு தோட்டத்துக்காரர்கள், இரண்டு பேரும் சரிதான். ஆனால் இரண்டு பேரும் விட்டுக்கொடுக்கவில்லை, அதனால் இரண்டு அடுப்பையும் போட்டோம். விறகுப் பரண், தண்ணீர்க் குடம், சாமிப் படம் மாட்டின சுவர், கல்யாணமான அண்ணனும் அண்ணியும் படுக்கச் சேலை கட்டி மறைத்த மூலை. அந்தப் பத்தடிக்குள் எட்டுப் பேர் எப்படிப் படுத்தோம் என்று காட்டுவதற்காக நாலைந்து பாட்டிகள் சிமெண்டுத் தரையில் படுத்தே காட்டினார்கள். கொட்டகை முழுக்க ஒரே சிரிப்பு. அந்த மூலையைப் பற்றித்தான் அதிகச் சிரிப்பு, அதை எழுதமாட்டேன்.

உத்தரத்தில் கட்டியிருந்த கேமரா மேலிருந்து எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டிருந்தது. அன்றைக்கு ராத்திரி ஓட்டிப் பார்க்கும்போதுதான் கவனித்தேன். கோலப்பொடி வாசலைத் தாண்டி உள்ளே போகிற ஒவ்வொரு பெரியவரும், அங்கே இல்லாத நிலைப்படிக்குத் தலையைக் குனிந்திருக்கிறார்கள். யாரும் சொல்லாமல், எல்லோரும். பிள்ளைகள் நிமிர்ந்தபடி ஓடியிருக்கிறார்கள். கண்காட்சியில் அந்த வீடியோவைத் தரையில் விழும்படி போட்டு, பார்க்க வருகிறவர்கள் சுற்றி நிற்கும்படி வைத்தேன். விளக்கக் குறிப்பு வைக்கவில்லை. வேண்டுமென்றேதான்.

தொழில்நுட்ப விஷயங்களைச் சீக்கிரம் சொல்லி முடித்துவிடுகிறேன், ஏனென்றால் எல்லோரும் இதைத்தான் முதலில் கேட்கிறார்கள், இதுதான் முக்கியத்தில் கடைசி. விலை உயர்ந்த கேமராவுக்கு வைத்திருக்கிற பணத்தில் நல்ல ஒலிப்பதிவுக் கருவியும் ஒரு காலர் மைக்கும் வாங்குங்கள். மங்கலான படத்தை மன்னிக்கிற பார்வையாளர் புரியாத பேச்சை மன்னிப்பதில்லை. 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், வேவ் கோப்பு. எம்பி3இல் பதிவு செய்யாதீர்கள். ஒவ்வொரு வீட்டிலும் யாரும் பேசாத அரை நிமிஷத்தைத் தனியாகப் பதிவு செய்துகொள்ளுங்கள், வெட்டி ஒட்டும்போது அந்த வீட்டின் காற்று தேவைப்படும். தேவாலா, பந்தலூர் பக்கம் ஜூனிலிருந்து ஆகஸ்ட் வரை தகரக் கூரையில் அடிக்கிற மழைக்கு முன்னால் எந்த மைக்கும் நிற்காது. அந்த மாதங்களில் நான் மழையை மட்டும் பதிவு செய்கிறேன். பேச்சை ஜனவரிக்கு ஒத்திவைக்கிறேன். கோப்புகள் எப்போதும் மூன்று பிரதி, இரண்டு வகைச் சாதனத்தில், அதில் ஒன்று வேறு ஊரில். மெமரி கார்டை இரண்டு இடத்தில் இறக்கி, திறந்து பார்த்த பிறகுதான் அழிக்கவேண்டும்.

பழைய போட்டோக்களுக்கு மலைப் பிரதேசத்தின் ஈரம் எமன். கண்ணாடிச் சட்டத்தோடு ஒட்டிப்போன படத்தைப் பிய்க்காதீர்கள். கண்ணாடியோடு சேர்த்தே, பக்கவாட்டு வெளிச்சத்தில், எதிரொளி விழாமல் எடுத்துவிடுங்கள். பூசணம் பிடித்த படத்தை ஈரத்துணியால் துடைக்கக் கூடாது. முக்கியமாக, லேமினேஷன் செய்யக் கூடாது. பத்திரமாக இருக்கட்டும் என்று கடைக்குக் கொண்டுபோய் லேமினேட் செய்து, உள்ளேயே ஈரம் மாட்டிப் பொரிந்துபோன குடும்ப அட்டைகளை நிறையப் பார்த்திருக்கிறேன். சிலிகா ஜெல் பொட்டலம் போட்ட பிஸ்கட் டின் போதும்.

ஒப்புதல் பற்றிக் கொஞ்சம் நின்று பேசவேண்டும். கலை நிறுவனங்களும் பல்கலைக்கழகங்களும் கையெழுத்து வாங்கிய ஒப்புதல் படிவம் கேட்கும். அவர்கள் பக்கம் நியாயம் இருக்கிறது. ஆனால் இந்த மக்களிடம் முதல் நாளே ஒரு படிவத்தை நீட்டினால் அத்தோடு முடிந்தது, மனுக் குரல் திரும்பி வந்து உட்கார்ந்துகொள்ளும். நான் வாய்மொழியாகக் கேட்டு அதையே பதிவு செய்கிறேன். பதிவை அவர்களுக்கே போட்டுக் காட்டிவிட்டு மறுபடி கேட்கிறேன். கையெழுத்து கடைசியில், அதுவும் வீட்டில் படித்த பேரனோ பேத்தியோ பக்கத்தில் இருக்கும்போது. போட்டுக் காட்டுவது சம்பிரதாயம் அல்ல. தன் குரலை முதன்முதலாகக் கேட்கிறவர்கள் "இத எடுத்துரு" என்று சொல்கிற இடங்கள் எப்போதும் நான் எடிட்டிங்கில் வைத்துக்கொள்ள ஆசைப்பட்ட இடங்களாகத்தான் இருக்கும். எடுத்துவிடுவேன். 77ஐயும் 83ஐயும் பற்றிச் சொன்னவர்களின் பதிவுகளில் பாதிக்கு மேல் இப்படி வெளியே வரவில்லை, வரப்போவதும் இல்லை. 1984க்குப் பிறகு அகதியாக வந்து முகாமில் இருக்கிற மலையக வம்சாவளியினரின் பேப்பர்களை நான் படம் எடுப்பதே இல்லை. அவர்கள் குடியுரிமைச் சிக்கல் இன்னும் தீராத நிலையில், எந்தப் பேப்பர் யார் கையில் எப்படி முடியும் என்று சொல்லமுடியாது.

கூலியும் கொடுக்கவேண்டும். என்னோடு உட்காருவதால் ஒருவருக்கு அன்றைய பேர் போகிறதென்றால் அந்த நாள் சம்பளம் என் செலவுக் கணக்கில் வரும். "காசு கொடுத்தால் சொல்வது உண்மையாக இருக்காது" என்று ஒரு ஆய்வாளர் என்னிடம் வாதம் செய்தார். அவர் மாதச் சம்பளம் வாங்குகிறவர்.

இனி எங்கே காட்டுவது. என் விதி எளிது: தோட்டத்தில் காட்டாததை நகரத்தில் காட்டமாட்டேன். கொட்டகைச் சுவரில் வெள்ளை வேட்டி கட்டி, இருட்டின பிறகு, வாடகைக்கு எடுத்த புரொஜெக்டரில். முதலில் ஆசைப்பட்டது படங்குச் சாக்குகளைத் தைத்துத் திரையாக்கலாம் என்று. பார்க்க நன்றாகத்தான் இருக்கும், ஆனால் சாக்கு வெளிச்சத்தைக் குடித்துவிடும், பின்வரிசைக்கு ஒன்றும் தெரியாது. பின்வரிசையில் உட்காருகிறவர்கள் கண்புரை உள்ள கிழவிகள். வேட்டியே ஜெயித்தது. அங்கே வருகிற விமர்சனம் எந்த கேலரியிலும் வராது. நான் ஸ்டேஷன் வரிசையின் ஒலிக்குக் கீழே தப்பு மேளத்தின் சத்தம் போட்டிருந்தேன். ஒரு தாத்தா எழுந்து, "அது சாவுக்கு அடிக்கிற அடி. கோச்சிக்கு எதுக்கு?" என்று கேட்டார். ஒப்பாரிக் கோச்சிதானே தாத்தா, பொருந்தும் என்று நினைத்தேன் என்றேன். அவர் ஒத்துக்கொள்ளவில்லை. பெரட்டுக்கு, அதாவது வேலைக்கு ஆள் பிரிக்கக் கூடுகிற இடத்துக்கு, ஆள் எழுப்ப விடியற்காலையில் அடிக்கிற அடி வேறு, சாமிக்கு வேறு, காமன் கூத்துக்கு வேறு என்று பெஞ்சில் விரலால் தட்டிக் காட்டினார். பெரட்டு அடியைத்தான் போடவேண்டும், ஏனென்றால் கோச்சிக்குக் கிளம்பின அன்றைக்குக் காலையிலும் அது அடித்தது, தங்களுக்கு இல்லாமல் மற்றவர்களுக்கு அடித்தது என்றார். இப்போது அந்த இடத்தில் இருப்பது அவர் தட்டின பெஞ்சுச் சத்தம்.

நகரத்து கேலரிகளைப் பற்றிச் சொல்லவேண்டுமென்றால், நல்லவர்கள், ஆனால் மூடுபனி கேட்பார்கள். எங்கள் ஊரைப் பற்றிய எந்தப் படைப்பிலும் மூடுபனியும் பச்சைச் சரிவும் தேயிலைக் கறையும் இருந்தே ஆகவேண்டும் என்று யாரோ சட்டம் போட்டிருக்கிறார்கள் போல. நான் ஒரு ஷாட்கூடக் கொடுப்பதில்லை. கொழுந்து எடுத்தவர்கள் பனியைப் பார்த்துக்கொண்டு நிற்கவில்லை; அட்டை கடித்த காலைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இன்னொன்று, நிதிக்கு விண்ணப்பிக்கும்போது நாமும் மனுதான் எழுதுகிறோம். பிறந்த இடம், வம்சம், எந்தச் சமூகம், என்ன வலி, எத்தனை வார்த்தைக்குள். 'அடையாளம், நினைவு, பண்பாட்டு உரிமை' என்று நானும் கட்டம் கட்டமாக நிரப்பியிருக்கிறேன். நிரப்பவேண்டியதுதான், பணம் வேண்டுமே. ஆனால் அந்த விண்ணப்பத்தில் எழுதின வாக்கியத்தையே நம்பிப் படைப்பைச் செய்ய ஆரம்பித்தால், பாட்டிகளுக்கு நடந்தது நமக்கும் நடக்கும். நான் விண்ணப்பத்தை அனுப்பினதும் அந்தக் கோப்பை மறுபடி திறப்பதில்லை.

அந்தக் குடும்ப அட்டைகளையும் பாஸ்போர்ட்டுகளையும் சுவரளவு பெரிதாக்கி, முத்திரைகளை மட்டும் விட்டு எழுத்துகளை அழித்து ஒரு வரிசை செய்திருந்தேன். தோட்டத்தில் காட்டியபோது ஜனங்கள் அதைக் கலையாகப் பார்க்கவே இல்லை. "எழுத்தை ஏன் அழிச்ச?" என்றார்கள், கோபமாகவே. தாயகம் திரும்பியோர் குடும்பத்துப் பிள்ளைகளுக்கு இன்றைக்கும் சாதிச் சான்றிதழ் வாங்குவது பெரும்பாடு. தாத்தா பேப்பரில் உள்ள எழுத்து இல்லாவிட்டால் நடக்காது. அவர்கள் கையில் இருக்கும் மூலமோ மடித்து மடித்து மடிப்பிலேயே கிழிந்திருக்கிறது. ஒரு ஜெராக்ஸில் முத்திரை கறுத்துப்போகும், இன்னொன்றில் பெயர் மறைந்துபோகும்.

அதனால் இப்போது எந்தப் பேப்பரை ஸ்கேன் செய்தாலும் இரண்டு விதமாகச் செய்கிறேன். எனக்கு ஒன்று, 600 டிபிஐ, டிஃப் கோப்பு, கறையும் மடிப்பும் அப்படியே. அவர்களுக்கு ஒன்று, ஏ4 அளவில், எழுத்தும் முத்திரையும் தெளிவாக, பின்பக்கத்தோடு சேர்த்து, இரண்டு பிரிண்ட். வெறுமையாக இருந்தாலும் பின்பக்கத்தை விட்டுவிடாதீர்கள். பென்சிலில் யாராவது ஒரு எண் எழுதியிருப்பார்கள், அதுதான் கேட்கப்படும். பிரிண்ட் கொடுப்பதற்காகவே வீட்டுக்குக் கூப்பிடுகிறவர்கள் இருக்கிறார்கள். அதில் சிலர் பிறகு கதையும் சொல்கிறார்கள்.

போன வாரம் ஒரு அண்ணன் பைக்கில் தேடி வந்தார். "நீ பெருசா போட்டிருந்தியே, எங்கப்பா கார்டு. அது உங்கிட்ட நல்லா இருக்கும்ல?" பையனுக்குக் காலேஜ் அட்மிஷன், சான்றிதழுக்கு ஆன்லைனில் ஏற்றவேண்டும். டிஃப் கோப்பைத் திறந்தேன்.

"அது பெருசா இருக்காம்மா? 200 கேபிக்குள்ள இருந்தாத்தான் ஏத்துமாம்."

சுருக்கிக் கொடுத்தேன்.